மேல ஷட்டரில் பத்தொன்பது நாள்

தங்கையன் தண்ணீரை அளக்கும்போது பேசமாட்டார். காலை ஆறு மணிக்குக் கால்வாய் மதகின் ஷட்டர் மேடையிலிருந்து ஏழு படி இறங்கி, கடைசிப் படியில் குத்தவைத்து உட்காருவார். எதிர்ச் சுவரில் அடியும் அங்குலமுமாகக் கோடு கிழித்த கேஜ் இருக்கிறது. அதை ஒட்டி இடது உள்ளங்கையைத் தண்ணீருக்குள் செங்குத்தாக நட்டுவைப்பார், வருகிற அலையைத் தடுக்க. கைக்கு உட்புறம் தண்ணீர் ஒரு நொடி அசையாமல் நிற்கும். அந்த நொடியில் தலையைச் சாய்த்து, கண்ணைக் கோட்டுக்கு நேரே கொண்டுவந்து, "மூணு அடி ரெண்டு" என்று தனக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொல்வார். பிறகு கையை உதறித் தோளில் கிடக்கும் துவர்த்தில் துடைத்துக்கொண்டு, காதில் சொருகிய பென்சிலை எடுப்பார். சட்டைப் பையில் அன்றைய தேதிக் காலண்டர் தாள் இருக்கும். அதன் முதுகில் எழுதுவார். பேனா கூடாது. ஈரக்கையில் பேனா மை கலங்கும், பென்சில் கலங்காது.

மத்தியானம் ஒரு தடவை, சாயங்காலம் ஆறு மணிக்கு ஒரு தடவை. மூன்றாவது அளவையும் எழுதியபின் ஷட்டர் பக்கத்து ஓட்டுச் சாய்ப்பில் உட்கார்ந்து, கேஜ் புத்தகத்தைத் திறந்து, மூன்றையும் நீல மையில் அச்சுக் கோர்த்த மாதிரி எடுத்து எழுதுவார். எழுதி முடித்ததும் அந்தத் தாளுக்கு வேலை முடிந்தது. ஷட்டருக்குக் கீழ்ப்புறம் போய்க் குனிந்து அதைத் தண்ணீரில் விடுவார். அது சுழன்று, நேராகி, கரையோரத் தென்னைகளின் நிழலுக்குள் போகும்வரை பார்த்துக்கொண்டு நிற்பார்.

அன்றைய தாளை விடியும்போதே கிழித்துவிடுவதால் சாய்ப்பில் தொங்கும் காலண்டர் எப்போதும் நாளைய தேதியைத்தான் காட்டும். வயலுக்குப் போகிற வழியில் அதைப் பார்த்துவிட்டு, ஒருத்தர் கல்யாண வீட்டுக்கு ஒரு நாள் முன்னதாகவே குடும்பத்தோடு போய் இறங்கியிருக்கிறார். "கறிக்கு வெட்ட ஆளு கெடைச்சுதுன்னு அவங்க சந்தோசப்பட்டாங்க" என்று இன்றைக்கும் அந்தக் கதை சாயாக்கடையில் ஓடுகிறது.

தங்கையன் சானல் லஸ்கர். ஷட்டரை ஏற்றுவதும் இறக்குவதும், தண்ணீரை அளந்து எழுதுவதும், கரை உடையாமல் பார்த்துக்கொள்வதும் வேலை. மேல ஷட்டர் அவருடையது. அங்கிருந்து நாலு கிலோமீட்டர் கீழே, தண்ணீர் இராஜாக்கமங்கலம் பக்கத்து வயல்களுக்குப் பிரிகிற இடத்தில் கீழ ஷட்டர். அங்கே ஆன்ட்ரூஸ். கடற்கரைக் குடும்பம், அப்பனும் மாமனும் மைத்துனனும் கடலுக்குப் போக, இவன் மட்டும் நல்ல தண்ணீருக்கு வந்தவன். தங்கையனைவிடப் பத்து வயது இளையவன், வேலைக்குச் சேர்ந்ததிலும் இரண்டு வருஷம் பிந்தியவன்.

மேலே விட்ட தாள் இரண்டு மணி நேரம் கழித்துக் கீழ ஷட்டரின் கம்பித் தடுப்பில் போய் ஒட்டும். குப்பையை வாரும்போது ஆன்ட்ரூஸ் அதையும் எடுப்பான். உடனே போன் வரும்.

"அண்ணே, ஒமக்க கடுதாசி வந்துட்டு."

"என்னல எழுதியிருக்கு?"

"மூணு அடி ரெண்டுன்னு எழுதியிருக்கு. ஆனா இங்க தண்ணி அந்தக் கணக்குக்கு இல்ல. இடையில நீரு குடிச்சீரா?"

"ஏலே, ஒனக்க கேஜ வெளக்கிட்டுப் பாரு. பாசி புடிச்சுக் கெடக்கும்."

இப்படித்தான் இருபத்திச் சொச்சம் வருஷம். சண்டை போடாத நாளில் இருவருக்கும் சோறு இறங்காது.

போன வருஷம் மார்ச் பதினொன்றாம் தேதி பிரிவு அலுவலகப் பலகையில் பணிமூப்புப் பட்டியலை ஒட்டினார்கள். பணி ஆய்வாளர் இடம் ஒன்று காலி. பட்டியலில் முதலில் இருப்பவருக்குப் பதவி உயர்வு. மூத்தவர் யார் என்பதில் யாருக்கும் சந்தேகமில்லாததால், தங்கையன் மனைவி பகவதியம்மாள் முந்தின நாளே பாயசத்துக்கு அடைப் பொடி வாங்கிவைத்துவிட்டாள்.

பட்டியலில் முதல் பெயர் ஆன்ட்ரூஸ். தங்கையன் இரண்டாவது.

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார். பெயர் இடம் மாறவில்லை. உள்ளே போய் எழுத்தர் கிருஷ்ணமணியிடம் கேட்டார். கிருஷ்ணமணி பேரேட்டைப் புரட்டி விரலை ஓர் இடத்தில் வைத்தார்.

"பாத்துக்கிடும். ரெண்டாயிரத்துப் பதினேழு, நவம்பர் முப்பதுலேருந்து டிசம்பர் பதினெட்டு வரைக்கும் நீரு வேலைக்கு வரல. பத்தொன்பது நாளு. அப்போ நீரு தினக்கூலி. பத்து நாளைக்கு மேல சொல்லாம நின்னா பணி முறிவு. அதுக்கு முந்தி செஞ்ச வேலை கணக்குல வராது. முறிவுக்குப் பொறவு புதுசா சேந்த கணக்கு."

"பதினெட்டு வருசம் செஞ்சது?"

"போச்சு."

"ஒக்கிப் புயலுல்லா அது? அந்தப் பத்தொன்பது நாளும் நான் ஷட்டர விட்டு எறங்கலியே, சார்?"

"இங்க வந்து கையெழுத்துப் போட்டீரா?"

தங்கையன் துவர்த்தை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே வந்தார்.

ஓய்வுபெற அவருக்கு ஒன்றரை வருஷம்தான் இருந்தது. இந்த இடம் ஆன்ட்ரூஸுக்குப் போனால் இனி ஒன்று வராது. ஆனால் அது அவரை அத்தனை வாட்டவில்லை. வாட்டியது அந்த ஒரு சொல். 'வரவில்லை.' அவர் ஆயுளிலேயே மிக அதிகமாக வேலைக்கு வந்த பத்தொன்பது நாள் அது.

ஒக்கி அடித்த அன்று காலையில் அவர் ஷட்டரில் இருந்தார். சாய்ப்பின் ஓடுகளைக் காற்று ஒவ்வொன்றாக உருவிக்கொண்டு போனது. எதிர்க் கரையில் ரப்பர் மரங்கள் முறிகிற சத்தம், யாரோ விறகை ஓயாமல் ஒடித்துக்கொண்டிருப்பதுபோல இருந்தது. மலையில் கொட்டிய மழை எல்லாம் சானலுக்குள் வந்தது. மூன்று அடி நிற்கிற இடத்தில் ஆறு அடி. கரை உடைந்தால் கீழே கும்பப்பூப் போகத்துக்கு நாற்று ஊன்றிய வயல் அத்தனையும் மண்மேடாகும். ஷட்டரை அளவாக இறக்கி, வடிகாலைத் திறந்து, தண்ணீர் ஓர் அங்குலம் ஏறினால் இவர் ஷட்டர் சக்கரத்தை இரண்டு சுற்று சுற்றி, அது இறங்கினால் இவரும் இறக்கி, இப்படியே போயிற்று. ரோடு முழுக்க மரம். கரன்ட் இல்லை. போன் செத்துக் கிடந்தது. பகவதியம்மாள் மூன்றாம் நாள், விழுந்த மரங்களுக்கு மேலே ஏறியும் அடியில் குனிந்தும், மரச்சீனிக் கிழங்கு அவித்ததை வாழையிலையில் கட்டிக்கொண்டு வந்து சேர்ந்தாள். வந்தவள் முதலில் கேட்டது, "இருக்கியளா?" என்பது.

"இருக்கேன்."

"அப்போ தின்னுங்க."

பிறகு கரையோர வயல்காரர்கள் ஆளுக்கொரு நாள் சோறு கொண்டுவந்தார்கள். ஒருத்தர் தன் வீட்டு ஓலையை அவிழ்த்து வந்து சாய்ப்பை மூடிக்கொடுத்தார். தங்கையன் அவர்கள் பெயர்களை இன்றைக்கும் வரிசையாகச் சொல்வார்.

கேஜ் புத்தகம் அப்போது கையில் இல்லை. வருஷாந்தரத் தணிக்கைக்காகப் புயலுக்கு முந்தின நாள்தான் அலுவலகம் போயிருந்தது. அதனால் தாளில் எழுதி எழுதி, சாய்ப்புக்குள் ஒரு கம்பியில் குத்திவைத்தார். பத்தொன்பதாம் நாள் சாயங்காலம் புத்தகம் வந்தது. மறுநாள் உட்கார்ந்து, கையைக் கழுவிக்கொண்டு, பத்தொன்பது நாளையும் ஒரே இருப்பில், ஒரு அடித்தல் திருத்தல் இல்லாமல் எடுத்து எழுதினார். சானல் லஸ்கர்கள் அப்படித்தான். என்ஜினியர் பார்க்கிற புத்தகத்தில் சேற்றுக்கறை இருக்கக்கூடாது. எழுதியதும் பத்தொன்பது தாள்களையும் கம்பியிலிருந்து உருவி, ஒன்றாகத் தண்ணீரில் விட்டார். அந்த மாதக் கூலி குறைந்து வந்தபோது, புயலில் எல்லாம் குழம்பிக் கிடக்கிறது, இதையும் கேட்டுக்கொண்டு நிற்பதா என்று விட்டுவிட்டார். இரண்டு வருஷம் கழித்து வேலை நிரந்தரமானது. அந்தச் சந்தோஷத்தில் உத்தரவின் பின்பக்கத்தைப் படிக்கத் தோன்றவில்லை.

இப்போது அவர் கொடுத்த மேல்முறையீட்டுக்குக் கிருஷ்ணமணி எழுதிய குறிப்பு இதுதான்: மேற்படி பத்தொன்பது நாளின் அளவுகளும் ஒரே மையில், ஒரே நாளில் எழுதப்பட்டவை, எனவே நம்பத்தக்கவை அல்ல.

"நல்லா எழுதணும்னு எழுதினியளே" என்றாள் பகவதியம்மாள். "இப்போ அந்த நல்ல எழுத்துதான் குத்தம்னு சொல்லுதாரு."

"அந்தத் தாளு இருந்திருந்தா போதும்."

"அத எதுக்குத் தண்ணில விட்டிய?"

"எப்பவும் விடுவேம்லா."

அவள் எழுந்தாள். அடைப் பொடியை டப்பாவில் போட்டு மூடி, அலமாரியின் மேல்தட்டில் வைத்தாள்.

அன்று முதல் தங்கையன் ஆன்ட்ரூஸோடு பேசவில்லை. அவன் என்ன தப்பு செய்தான் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. பட்டியலைப் பார்த்த அன்று சாயாக்கடையில் அவனும் இருந்தான். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். "அண்ணே, இது எனக்கு உள்ளதில்ல" என்று சொல்ல எத்தனை நேரம் ஆகும்? அவன் சாயாவைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து போனான். ஜூனில் அணை திறந்து சானலில் தண்ணீர் வந்தபோது, தங்கையன் தாளை எழுதி முடித்து, கசக்கி, சட்டைப் பையிலேயே போட்டுக்கொண்டார். துவைக்கிறபோது பகவதியம்மாள் அதை எடுத்து அடுப்பில் போடுவாள். கீழ ஷட்டரிலிருந்து இரண்டு நாள் போன் வந்தது. எடுக்கவில்லை. பிறகு வரவில்லை.

அந்த ஜூனில்தான் கோட்ட அலுவலகத்துக்குப் புது செயற்பொறியாளர் வந்தார். சிந்தியா என்று பெயர். முப்பத்தைந்து வயது இருக்கும். தூசி தட்டாமல் கிடந்த கோப்புகளை வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போய்ப் படிக்கிறார் என்று பேச்சு. ஜூலையில் தங்கையனுக்கு விசாரணைக்கு ஓலை வந்தது. ஆன்ட்ரூஸுக்கும் வந்தது. முடிவு யாரைப் பாதிக்குமோ அவரையும் கேட்காமல் முடிவு சொல்லமாட்டேன் என்றாராம்.

சிந்தியாவின் அறையில் மேசைக்கு இந்தப் பக்கம் மூன்று நாற்காலி. இரண்டில் கிருஷ்ணமணியும் ஆன்ட்ரூஸும். தங்கையன் ஓரத்தில் நின்றார்.

"உக்காருங்க" என்றார் சிந்தியா.

"இருக்கட்டும் மேடம்."

"நீங்க நின்னா நானும் நிக்கணும். எனக்குக் காலு வலிக்குது."

உட்கார்ந்தார். இருபத்தாறு வருஷ வேலையில் ஓர் அதிகாரி முன்னால் அவர் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. நாற்காலியின் நுனியில்தான் உட்கார்ந்தார், ஆனாலும் உட்கார்ந்தார்.

சிந்தியா கேஜ் புத்தகத்தைத் திறந்தார். "கிருஷ்ணமணி சார், இது ஒரே நாள்ல எழுதினதுன்னு எப்படிச் சொல்றீங்க?"

"மையப் பாருங்க மேடம். பத்தொன்பது நாளும் ஒரே நீலம், ஒரே அழுத்தம். தெனமும் எழுதுதவனுக்க கையி ஒரு நாளாவது கோணும்லா?"

"ஆமா, ஒரே நாள்லதான் எழுதினேன்" என்றார் தங்கையன். "புஸ்தகம் இங்க இருந்துது மேடம். தாளுல எழுதி வச்சு, பொறவு எடுத்து எழுதினேன்."

"அந்தத் தாள்?"

"இல்ல மேடம். தண்ணில விட்டுட்டேன்."

கிருஷ்ணமணி மேற்கூரையைப் பார்த்தார். சிந்தியா சிரிக்கவில்லை. தங்கையனை ஒரு கணம் பார்த்துவிட்டு, "வருகைப் பதிவேடக் குடுங்க" என்றார். பதினேழாம் வருஷத்துப் பதிவேட்டைப் புத்தகத்துக்குப் பக்கத்தில் விரித்தார். நவம்பர் கடைசியிலிருந்து டிசம்பர்ப் பக்கம்வரை விரலை ஓட்டினார்.

"சார், இதுலயும் பத்தொன்பது நாளும் ஒரே நீலம், ஒரே அழுத்தம்தான?"

கிருஷ்ணமணி பதிவேட்டைத் தன் பக்கம் இழுத்துப் பார்த்தார்.

"அது மேடம்... மாசக் கடைசியில மொத்தமா போடுததுதான்."

"தினமும் ஷட்டருக்குப் போய் ஆள் இருக்காரான்னு பாத்தது யாரு?"

"ரோடு முழுக்க மரம்லா மேடம். எனக்க வீட்டு மேல ஒரு அயனி மரம் கெடந்துது. நான் எங்கன போய்ப் பாக்க?"

"பாக்கல. ஆனா வரலன்னு எழுதினீங்க."

கிருஷ்ணமணி கைக்குட்டையை எடுத்து நெற்றியைத் துடைத்தார். அவரைப் பார்க்கத் தங்கையனுக்கே பாவமாக இருந்தது. பொல்லாத மனிதர் இல்லை. கட்டம் காலியாகக் கிடந்தால் எதையாவது போட்டு நிரப்பாமல் தூங்காதவர், அவ்வளவுதான்.

"ஒரே மைன்னு ஒரு புத்தகத்தத் தள்ளினா இன்னொன்னையும் தள்ளணும்" என்றார் சிந்தியா. "ரெண்டையும் ஓரமா வைப்போம். ஆன்ட்ரூஸ், உங்க ஷட்டர் புத்தகம்?"

ஆன்ட்ரூஸ் காலடியில் வைத்திருந்த பிளாஸ்டிக் பையிலிருந்து கீழ ஷட்டரின் பழைய புத்தகத்தை எடுத்து நீட்டினான். அவனுடைய ஷட்டர் அலுவலகத்துக்குப் பக்கம். புயலிலும் அன்றன்று எழுதி, அன்றன்று கையெழுத்துப் போட்டவன். அந்தப் புத்தகத்தில் சேறும் உண்டு, சாயாக் கறையும் உண்டு, மீன் செதிலும் உண்டு.

சிந்தியா இரண்டையும் அருகருகே வைத்துப் பென்சிலால் தொட்டுத் தொட்டுப் போனார். மேலே மத்தியானம் எட்டு அங்குலம் குறைந்த நாளில் கீழே சாயங்காலம் குறைந்திருந்தது. மேலே விடியலில் ஏறிய நாளில் கீழே மத்தியானம் ஏறியிருந்தது. டிசம்பர் ஐந்தாம் தேதி மேலே ஷட்டரை முழுசாக அடைத்திருந்தது. கீழே அன்று தண்ணீருக்குப் பதில், 'சேறு மட்டும்' என்று எழுதியிருந்தது. பத்தொன்பது நாளில் ஒரு நாள்கூடப் பிசகவில்லை.

"ஆள் இல்லாத ஷட்டர் இப்படி ஏறி இறங்காது" என்றார் சிந்தியா.

"ரெண்டு பேரும் பேசி வச்சு எழுதியிருக்கலாம்லா மேடம்?" என்றார் கிருஷ்ணமணி, கடைசி முயற்சியாக.

அதுவரை வாயைத் திறக்காமல் இருந்த ஆன்ட்ரூஸ் சிரித்துவிட்டான். "இவரும் நானுமா? சார், தண்ணி விசயத்துல நாங்க ரெண்டு பேரும் ஒத்துப்போன நாளு ஒண்ணு சொல்லும். ஒமக்கு நான் ஒரு மாசம் சாயா வாங்கித் தாறேன்."

சிந்தியா அவனைப் பார்த்தார். "ஆன்ட்ரூஸ், இது உங்களுக்கு வர வேண்டிய இடம். அது தெரிஞ்சுதான பேசுறீங்க?"

"தெரியும் மேடம்."

"சொல்றதுக்கு வேற ஏதாவது இருக்கா?"

"இல்ல மேடம். சொல்ல வேண்டியத சொல்லியாச்சு."

வெளியே வந்தபோது அவன் தங்கையனைப் பார்த்து நின்றான். தங்கையன் செருப்பைத் தேடுகிற மாதிரி குனிந்துகொண்டார். நிமிர்ந்தபோது அவன் பஸ் ஸ்டாப்புக்குப் போய்விட்டிருந்தான். நடந்தது அவருக்குப் பிடிபடவில்லை. பய வாயைக் கொடுத்துத் தன் காரியத்தைத் தானே கெடுத்துக்கொண்டானே என்றுதான் தோன்றியது.

அடுத்த வாரம், காலை ஆறுக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போது, ஷட்டர் மேடையில் சிந்தியா நின்றுகொண்டிருந்தார். டிரைவர் இல்லை. ஸ்கூட்டரில் வந்திருந்தார்.

"என்னைப் பாக்காதீங்க. நீங்க தினமும் செய்றதச் செய்ங்க."

தங்கையன் ஏழு படி இறங்கினார். கையை நட்டார். தண்ணீர் நின்றது. "மூணு அடி அஞ்சு." துடைத்தார். பழக்கத்தில் காலண்டர் தாளை எடுத்து எழுதியும்விட்டார். பிறகுதான் அதிகாரி நிற்கிறார் என்ற நினைப்பு வந்தது. புத்தகத்தில் நேராக எழுதாமல் துண்டுத் தாளில் எழுதுவது விதிக்கு உகந்ததா என்று தெரியவில்லை.

"அந்தத் தாளத்தான் தண்ணில விடுவீங்களா?"

"முன்ன விடுவேன் மேடம். இப்போ இல்ல."

"ஏன்?"

அவர் தலை குனிந்துகொண்டார். "கீழ உள்ளவன்கூடப் பேச்சு இல்ல."

சிந்தியா கையை நீட்டினார். "இன்னைக்குத் தாள எனக்குத் தாங்க. பின்னால எழுதினது அப்படியே இருக்கட்டும்."

அதை வாங்கி முன்னும் பின்னும் திருப்பி, நெடுநேரம் பார்த்தார். பிறகு மடிக்காமல் ஒரு உறையில் வைத்துக்கொண்டு போய்விட்டார்.

தங்கையனுக்கு அன்று சோறு இறங்கவில்லை. "மெமோ வரும்" என்றார் மனைவியிடம். "பதவி போனாப் போட்டும். தாளுல எழுதினதுக்கு மெமோ வாங்கிட்டு வீட்டுக்குப் போகப்போறேன்."

"மெமோ குடுக்க வாறவ ஸ்கூட்டர்ல தனியாவா வருவா?" என்றாள் பகவதியம்மாள். "சும்மா கெடங்க."

ஆகஸ்டில் உத்தரவு வந்தது. மூன்று பக்கம். தங்கையன் அதை வாசலில் நின்று படித்தார். பிறகு மனைவியிடம் கொடுத்து, "சத்தமா படி" என்றார். அவள் எழுத்துக்கூட்டிப் படித்தாள். இரண்டாம் பக்கத்தில் அது இருந்தது: '30.11.2017 முதல் 18.12.2017 வரையிலான பத்தொன்பது நாட்களும் திரு. தங்கையன் மேல ஷட்டரில் பணியில் இருந்தார்.'

"இன்னொரு தடவ."

படித்தாள்.

"இன்னொரு தடவ."

"எனக்கு அடுப்புல பால் கெடக்கு" என்றாள் அவள். ஆனாலும் படித்தாள். அன்று மத்தியானம் அடைப் பாயசம்.

மறுநாள் ஒரு சீப்பு மட்டிப் பழத்தோடு கோட்ட அலுவலகம் போனார். சிந்தியா பழத்தைப் பார்த்ததும் முகத்தைச் சுளித்தார். "இதெல்லாம் வாங்கமாட்டேன்."

"வாங்காண்டாம் மேடம். ஒண்ணே ஒண்ணு உரிச்சுத் தின்னுங்க. எனக்க வீட்டு வாழை. நான் நட்டது."

சிந்தியா ஒரு பழத்தைப் பிய்த்து அங்கேயே தின்றார். மற்றதை அலுவலகத்துக்கு எடுத்துக் கொடுக்கச் சொன்னார். கிருஷ்ணமணியும் அன்று ஏதோ வேலையாக அங்கே வந்திருந்தார். அவருக்கு இரண்டு கிடைத்தது. "நல்ல பழம்வே" என்றார் அவர், கண்ணைப் பார்க்காமல்.

"மேடம்" என்றார் தங்கையன் கிளம்பும்போது. "நீங்க உக்காரச் சொன்னியளே அன்னைக்கு. அதுக்கும் சேத்துத்தான்."

அன்று சாயங்காலம் மூன்றாவது அளவை எழுதி, புத்தகத்திலும் ஏற்றி முடித்ததும், ஷட்டருக்குக் கீழ்ப்புறம் போனார். கொஞ்ச நேரம் தாளைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். பிறகு விட்டார். அது சுழன்றது, நேரானது, போயிற்று. வீட்டுக்கு வந்து, குளித்து, சாப்பிட உட்கார்ந்தபோது போன் அடித்தது.

"அண்ணே, ஒமக்க கடுதாசி வந்துட்டு."

தங்கையன் சோற்றுத் தட்டைத் தள்ளிவைத்தார். "என்னல எழுதியிருக்கு?"

"மூணு அடி நாலு. இங்க அந்தக் கணக்குக்கு இல்ல."

"கேஜ வெளக்கிட்டுப் பாரு மக்கா" என்றார் தங்கையன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஆன்ட்ரூஸ் நெய்மீன் இரண்டு துண்டு கொண்டுவந்தான். பகவதியம்மாள் குழம்பு வைத்தாள். அடுத்த பணி ஆய்வாளர் இடம் காலியாக அவன் தங்கையன் ஓய்வுபெறும்வரை காத்திருக்கவேண்டும். அதை இருவரும் பேச்சில் எடுக்கவில்லை.

தங்கையன் பணி ஆய்வாளராகி, மேல ஷட்டருக்கு வேறு ஆள் வந்து, ஐந்து மாதம் ஆனது. இந்த ஜனவரியில் அவருடைய கோப்பு கோட்ட அலுவலகத்திலிருந்து பிரிவு அலுவலகத்துக்குத் திரும்பிவந்தது. கிருஷ்ணமணி அதைக் கட்டி அலமாரியில் வைக்கப் பிரித்தவர், வைக்காமல் தங்கையனைக் கூப்பிட்டார்.

"வேய், இங்க வாரும். உக்காரும்."

கோப்பின் கடைசியில் ஒரு உறை. உறைக்குள் காலண்டர் தாள்கள். பழுத்து, ஓரம் சுருண்டு, ஒவ்வொன்றின் மேல் மூலையிலும் துருப்பிடித்த குண்டூசி ஓட்டை. முன்பக்கம் 2017 நவம்பர் 30, டிசம்பர் 1, 2, 3. பின்பக்கம் பென்சில். தங்கையன் எழுத்து. பத்தொன்பது தாள். இருபதாவதாக ஒன்று, வெள்ளையாக, போன ஜூலையில் சிந்தியா வாங்கிப்போனது. இரண்டு எழுத்தையும் ஒத்துப்பார்க்க.

கூடவே ஒரு கடிதம். கிருஷ்ணமணி கண்ணாடியை ஏற்றிக்கொண்டு, யாருக்கும் கேட்காத குரலில் படித்தார்.

'ஐயா, இத்துடன் மேல ஷட்டர் தங்கையன் எழுதிய பத்தொன்பது தாள்கள் உள்ளன. புயல் முடிந்து இவை என் கம்பித் தடுப்பில் வந்து ஒட்டின. டிசம்பர் ஐந்தாம் தேதி ஷட்டரை அடைத்துக் கீழே உள்ள வயலைக் காயப்போட்டது அவர்தான் என்று பின்னால் சண்டை வந்தால் காட்டுவதற்காகக் காயவைத்து என் புத்தகத்தில் குத்தி வைத்திருந்தேன். அப்போது அடைத்ததால்தான் கரை நின்றது என்று பிறகு தெரிந்தது. அந்த நாட்களில் என் மைத்துனன் கடலில் இருந்தான், ஒன்பதாம் நாள்தான் கரை வந்தான். போன் இல்லை. மேலே ஆள் இருக்கிறது என்று எனக்குத் தெரிந்தது தண்ணீர் அளவாக வந்ததால்தான். அவர் வேலைக்கு வரவில்லை என்பது சரியில்லை. நான் கொடுத்தேன் என்று அவரிடம் சொல்லவேண்டாம். இந்தத் தாளை எதற்கு எடுத்து வைத்திருந்தாய் என்று சண்டைக்கு வருவார். இப்படிக்கு, ஆன்ட்ரூஸ், லஸ்கர், கீழ ஷட்டர்.'

தங்கையன் கடிதத்தை வாங்கிப் பார்த்தார். கோட்ட அலுவலகம் பதிவுத் தபாலில் பெற்றுக்கொண்ட மார்ச் மாத முத்திரை மேலே இருந்தது, அதற்குக் கீழே சிந்தியா ஜூனில் பிரித்துப் போட்ட சுருக்கொப்பம். முந்தைய அதிகாரி காலத்திலிருந்து யாரும் பிரிக்காமல் மூன்று மாதம் கிடந்திருக்கிறது.

கடிதத்தில் ஆன்ட்ரூஸ் போட்டிருந்த தேதி மார்ச் பன்னிரண்டு. அவன் பெயரை முதலாவதாகப் போட்டுப் பட்டியலைப் பலகையில் ஒட்டியதற்கு மறுநாள்.